சேலையின் முதுகு

சங்கரன்கோவிலில் நான் இறங்கியதற்குப் பெரிய காரணம் எதுவும் இல்லை. ரயிலில் டிக்கெட் எடுத்திருந்தது அந்த ஊர் வரைக்கும்தான். அதற்கு மேல் போனால் பரிசோதகர் இறக்கிவிடுவார். எங்கே இறங்குவது என்பதை அவர் முடிவு செய்வதைவிட நானே முடிவு செய்வது மரியாதையாக இருக்கும் என்று இறங்கினேன்.

நாடு சுதந்திரம் அடைந்து ஏழெட்டு வருஷம் ஆகியிருந்தது. எனக்கு அப்போது முப்பது வயது இருக்கலாம். பிறந்தது குருவிகுளம் பக்கம். மழை இரண்டு வருஷம் தொடர்ந்து வராமல் போனபோது ஆறாம் வகுப்பைப் பாதியில் விட்டுவிட்டு, பருத்தி மூட்டை ஏற்றிய வண்டியின் பின்னால் தொற்றிக்கொண்டு போனவன். தூத்துக்குடியில் மூட்டை தூக்கினேன். கொழும்பில் கல்லறைகளுக்குச் சிமெண்டில் தேவதை செய்யும் ஒருவரிடம் நான்கு வருஷம் இருந்தேன். முகம், கை எல்லாம் அவர் செய்வார். இறகு மட்டும் என் வேலை. நூற்றுக்கணக்கான தேவதைகளுக்கு இறகு போட்டிருக்கிறேன். அவர் இறந்ததும் அவருக்கே ஒரு தேவதை வைக்க ஆள் இல்லாததால் கடையை மூடினார்கள். பிறகு பம்பாய், மதுரை என்று சுற்றிவிட்டு இங்கே வந்து சேர்ந்தேன்.

ஸ்டேஷனுக்கு வெளியே டீக்கடையில் இரண்டு பேர் பேசிக்கொண்டிருந்தார்கள். நெசவாளர் சங்கத்தில் சிலை செய்ய ஆள் தேடுகிறார்களாம். கோயில் ஸ்தபதி ஒருவரைக் கூப்பிட்டுக் கேட்டதற்கு அவர் முடியாது என்றுவிட்டாராம்.

"என்ன சிலையாம்?" என்று கேட்டேன்.

"சேலை."

"சேலை கட்டுன பொம்பளையா?"

"பொம்பளை இல்லவே. சேலை மட்டும். அதான் ஸ்தபதி, அம்மனைச் செய்யச் சொன்னா சேலையோட செஞ்சு தாரேன், அம்மன் இல்லாம சேலையை மட்டும் செய்ய எங்க சாஸ்திரத்துல அளவு கிடையாதுன்னுட்டாரு."

எனக்குச் சாஸ்திரம் எதுவும் தெரியாது. அதனால் தடையும் இல்லை. டீக் கிளாஸை வைத்துவிட்டுச் சங்கத்துக்கு நடந்தேன்.

விஷயம் இதுதான். ஆறு மாதத்துக்கு முன்னால் பனி பெய்யும் ஏதோ ஒரு சிறிய நாட்டிலிருந்து ஒரு கூட்டம் தறிகளைப் பார்க்க வந்திருக்கிறது. கலாசாரப் பரிவர்த்தனை என்று டெல்லியிலிருந்து கடிதம். அந்த நாட்டின் பெயரை ஊரில் ஒவ்வொருவரும் ஒவ்வொரு விதமாகச் சொன்னார்கள். வந்தவர்களில் ஒரு அம்மாள் தானும் நெசவு நெய்கிறவள். ஊரிலேயே கைத்திறன் உள்ள ஒரு தறிக்காரர் வீட்டுக்குப் போய், அவரை எழுப்பிவிட்டு, தறிக்குழியில் காலைத் தொங்கப்போட்டு அவர் இடத்தில் உட்கார்ந்துகொண்டு அரை நாள் எழுந்திருக்கவே இல்லையாம். போகும்போது தன் ஊர்க் கம்பளிச் சால்வை ஒன்றைக் கொடுத்தாள். அதில் ஓரம் முழுக்க அவர்கள் ஊர் மரம் வரிசையாக நெய்திருந்தது. கூடவே ஒரு போட்டோ. அவர்கள் ஊர் நடுவில், மடித்துவைத்த துணியைப்போல ஒரு பெரிய கல்லைச் செதுக்கி வைத்திருந்தார்கள். பங்குனியிலேயே மண்ணெண்ணெய் ஸ்டவ் மாதிரி காயும் ஊரில் அந்தச் சால்வையை யாரும் தொடக்கூட முடியாது. சங்கத்தில் கண்ணாடிப் பெட்டிக்குள் வைத்திருந்தார்கள்.

சீர் வந்தால் எதிர்ச்சீர் செய்யாமல் இருப்பது எங்கள் பக்கத்தில் பெரிய கேவலம். வந்ததைவிட ஒரு பிடி கூடச் செய்ய வேண்டும். ஆகையால் சங்கத்தில் இரண்டு முடிவுகள் செய்தார்கள். அந்த ஊர் மரத்தையும் நம்ம ஊர்க் கோபுரத்தையும் கரையில் மாற்றி மாற்றிப் போட்டு ஒரு சேலை நெய்து அந்த அம்மாளுக்குக் கொடுப்பது. அதே சேலையைச் சிமெண்டில் இரண்டு ஆள் உயரத்துக்குச் செய்து, திருவேங்கடம் ரோடு பிரியும் இடத்தில் நிறுத்துவது. அவர்கள் மறுபடி வரும்போது திறந்து வைப்பார்கள்.

சங்கத் தலைவர் வெற்றிலையை ஒதுக்கிக்கொண்டு என்னை மேலும் கீழும் பார்த்தார்.

"என்னவே, நீரு சிலை செஞ்சிருக்கீரா?"

"கொழும்புல செஞ்சிருக்கேன்."

"என்ன சிலை?"

"தேவதை."

எந்தப் பகுதி என்று அவர் கேட்கவில்லை. கேட்டிருந்தால் சொல்லியிருப்பேன்.

கூலி என்று பெரிதாக எதுவும் பேசவில்லை. மூன்று வேளைச் சாப்பாடு. வேலை முடிந்து, விருந்தாளிகள் வந்து பார்த்துச் சரி என்று போய்விட்டால், சங்கத்து நூல் ஸ்டோருக்குக் காவல்காரன் வேலை. ஸ்டோரை ஒட்டினாற்போல ஒரு அறை இருந்தது. எட்டடிக்கு ஆறடி. ஒரு ஜன்னல். கதவுக்கு உள்பக்கம் தாழ்ப்பாள். தலைவர் திறந்து காட்டியபோது நான் பார்த்தது அந்தத் தாழ்ப்பாளைத்தான். அதுவரைக்கும் நான் படுத்த இடங்கள் ஸ்டேஷன், சத்திரம், கப்பல் தளம், கல்லறைத் தோட்டம். தாழ்ப்பாள் இருந்த ஓரிரு இடங்களிலும் அது வெளிப்பக்கம் இருந்தது. நானே போட்டு நானே எடுக்கிற தாழ்ப்பாள் ஒன்று வேண்டும் என்று எனக்கு அதற்கு முன்னால் தோன்றியதே இல்லை. அந்த நிமிஷத்திலிருந்து வேறு எதுவும் தோன்றவில்லை.

வேலையைத் தொடங்கினேன். இரண்டு கல்தூண், மேலே ஒரு உத்தரம். அதிலிருந்து சேலை தொங்க வேண்டும். இரும்புக் கம்பியில் கூடு கட்டி, கோழிவலை போர்த்தி, அதன்மேல் சிமெண்ட். வெயில் படாமலும் கண்ணேறு படாமலும் இருக்கச் சுற்றிலும் ஓலைத் தட்டி கட்டினோம். சங்கத்துக் கமிட்டி ஆட்களைத் தவிர வேறு யாரும் உள்ளே வரக்கூடாது என்று தலைவர் உத்தரவு. முதல் பத்து நாளில் மடிப்பு விட்டேன். கமிட்டியில் ஒருவர் வந்து பார்த்துவிட்டு, "சேலை நல்லாத்தான் இருக்கு. ஆனா பறந்துரும் போல இருக்கே" என்றார். இறகு பழக்கம் கையை விட்டுப் போகவில்லை. மடிப்பை இடித்துவிட்டுத் திரும்பச் செய்தேன்.

கரையும் பூவும் செய்ய வேண்டிய கட்டம் வந்தபோது, அந்த அம்மாள் வந்து உட்கார்ந்தாளே, அந்தத் தறிக்காரரை என்னுடன் அனுப்பினார்கள். கமிட்டியில் அவரும் ஒருவர். ஐம்பது வயது. முப்பத்தைந்து வருஷமாகத் தறிக்குழியில் இறங்கி ஏறியவர். அண்ணாச்சி என்றுதான் நான் கூப்பிட்டேன். பேச்சு குறைவு. அந்தப் பரிசுச் சேலை அவர் தறியில்தான் ஓடிக்கொண்டிருந்தது. தினம் காலையில் அவர் வீட்டுக்குப் போய்த் தறிக்குப் பக்கத்தில் குத்துக்காலிட்டு உட்கார்ந்து, நெய்த வரைக்கும் பார்த்துக் காகிதத்தில் வரைந்துகொண்டு வந்து, இங்கே சிமெண்டில் செய்வேன். மத்தியானம் அவர் வந்து சரிபார்ப்பார்.

அவர் சரிபார்ப்பது என்றால் எண்ணுவது. ஒரு பூவிலிருந்து அடுத்த பூவுக்கு வண்ண நூல் நீளமாகத் தாவிப் போகும். அந்த நூல்களைக்கூட விடக்கூடாது என்றார்.

"பூவுக்குப் பூ பதினாறு இழை போகுது. நீ பதினஞ்சு வச்சிருக்க."

"ஒண்ணு கொறஞ்சா யாருக்கு அண்ணாச்சி தெரியப் போகுது?"

"எனக்குத் தெரியுது. பிச்சு எடு."

மெல்லிய கம்பியை வெட்டி, ஒவ்வொன்றுக்கும் சிமெண்ட் பாலைப் பூசி, காய்வதற்குள் பதிக்க வேண்டும். விரல் நுனியெல்லாம் சிமெண்ட் தின்று தோல் உரிந்தது. சோற்றைப் பிசைய முடியாமல் கஞ்சியாகக் குடித்தேன். இழை பதிப்பதற்கு மட்டும் ஒன்றரை மாதம் ஆனது. அவரும் லேசில் விடவில்லை. தறியை விட்டுவிட்டு வந்து, தலைகீழாகக் குனிந்து, பக்கவாட்டில் சாய்ந்து எல்லாம் பார்ப்பார். ஒருநாள் கடைசியாக, "ம், இப்பம் என் தறியைப் பாத்த மாதிரி இருக்கு" என்றார். அவர் வாயிலிருந்து வந்த பாராட்டு அது ஒன்றுதான். தலைவரும் கமிட்டி ஆட்களும் வந்து பார்த்தார்கள். அவர்களும் தறியில் தேய்ந்து எழுந்தவர்கள். அச்சு அசல் என்று தலையாட்டினார்கள். அன்று போய் அந்த அறையைப் பெருக்கி, எண்ணெய் வாங்கித் தாழ்ப்பாளுக்குப் போட்டுவிட்டு வந்தேன்.

விருந்தாளிகள் வருவதற்கு நான்கு நாள் இருந்தது. அன்று மத்தியானம் அண்ணாச்சியின் மனைவி, நான் மதினி என்று கூப்பிடுகிறவள், அவருக்குச் சாப்பாட்டுத் தூக்குச்சட்டியோடு வந்தாள். சாப்பாடு என்பதால் உத்தரவு அவளைத் தடுக்கவில்லை. தட்டியை விலக்கி உள்ளே வந்தவள் நின்றாள்.

"இது என்னது?"

"கண்ணு தெரியலையா? சேலை" என்றார் அண்ணாச்சி.

"சேலைன்னு தெரியுது. எதுக்கு உள்பக்கத்தை வெளியில திருப்பிப் போட்டிருக்கீக?"

"என்னத்தத் திருப்பி?"

"இந்தா, பூவுக்குப் பூ நூலு தொங்குதே. நீங்க தறியில அறுத்துக் குடுக்குற சேலையில இதைத்தான நான் நித்தம் உக்காந்து கத்திரிச்சுத் தள்ளுதேன். அந்தக் குப்பையை இவ்வளவு பாடுபட்டுச் சிமிண்டுல செஞ்சு வச்சிருக்கு. இந்தத் தம்பிதான் ஊரு சுத்துற ஆளு, தெரியாது. உங்களுக்குமா?"

அண்ணாச்சி சிலையைத் திரும்பிப் பார்த்தார். அந்த மாதிரி பூப்போட்ட சேலையைத் தறியில் முகம் கீழே இருக்கத்தான் நெய்வார்கள். நெசவாளி கண்ணுக்கு மேலே தெரிவது அதன் முதுகு. கீழே பூ எப்படி விழுகிறது என்று பார்க்கச் சிறிசுகள் தறிக்குழிக்குள் ஒரு கண்ணாடித் துண்டு வைத்துக்கொள்வார்கள். கண்ணாடி வைத்துப் பார்க்கிறவன் நெசவாளியே இல்லை என்பது அண்ணாச்சியின் கட்சி. முப்பத்தைந்து வருஷமாக அவர் சேலை என்று பார்த்ததெல்லாம் முதுகுதான். அறுத்தபின் நறுக்குவதும் மடிப்பதும் கடைக்குக் கொடுப்பதும் மதினி. கமிட்டி முழுக்க அதே மாதிரி ஆட்கள். ஊரிலுள்ள எந்தப் பெண்பிள்ளையை உள்ளே விட்டிருந்தாலும் முதல் நாளே சொல்லியிருப்பாள்.

"சட்டியை வச்சிட்டுப் போ" என்றார்.

அவள் போனதும் என் பக்கம் திரும்பினார்.

"நீ ஏம்ல சொல்லல?"

"எனக்கு எப்படி அண்ணாச்சி தெரியும்?"

"ஊர் ஊராச் சுத்துனவன்தான? சேலை கட்டுன பொம்பளையைப் பாத்ததே இல்லையா?"

"பாத்திருக்கேன். கரையை உத்துப் பாத்தா செருப்படி விழும்."

அவர் சாப்பிடாமலே எழுந்து போனார்.

சாயங்காலம் கமிட்டி கூடியது. இடித்துவிட்டுச் செய்ய நாளும் இல்லை, பெர்மிட்டில் வாங்கிய சிமெண்டும் அவ்வளவு மிச்சம் இல்லை. யார் மேல் தப்பு என்று யாரும் பேசவில்லை. எல்லார் மேலும் இருந்ததால் அந்தப் பேச்சு எழவில்லை. வெகுநேரம் கழித்துத் தலைவர்தான் வழி கண்டுபிடித்தார்.

"அதுக்குப் பின்னால மொட்டையாத்தான கெடக்கு? அங்கன நேர்ப்பக்கத்தைச் செஞ்சுருவோம். முன்பக்கம் எது, பின்பக்கம் எதுன்னு நாமதான சொல்லணும். நட்டு வச்சிருக்குற திறப்புவிழாக் கல்வெட்டைப் பேத்து அந்தப் பக்கம் வச்சிருவோம். காரை மேல ரோடு வழியாச் சுத்திக் கூட்டியாந்தா அதுதான் முன்பக்கம்."

"இந்தப் பக்கம்?"

"தட்டியைப் பிரிக்க வேண்டாம். வேலை மிச்சம் இருக்குன்னு சொல்லிக்கிடலாம்." பிறகு என்னைப் பார்த்தார். "மூணு நாளு. முடிச்சீருன்னா அறை உமக்கு. முடியலைன்னா எங்களுக்கும் வேற வழியில்ல வே."

"முடிச்சிரலாம். ஆனா இருக்குற சிமெண்டு காணாது. சுண்ணாம்பும் மணலும் கூட்டித்தான் பூசணும். நாள்பட நிக்காது."

"எத்தனை நாளு நிக்கும்?"

"விருந்தாளி போற வரைக்கும் நிக்கும்."

"போதும்வே."

அந்த மூன்று நாளும் அண்ணாச்சி அந்தப் பக்கமே வரவில்லை. மதினிதான் வந்தாள். பரிசுச் சேலையைத் தறியிலிருந்து அறுத்தாகிவிட்டது. அதை நறுக்கிச் சுத்தம் செய்து என் முன்னால் விரித்துப் போட்டுக்கொண்டு, கத்தரியைக் கையில் வைத்தபடியே உட்கார்ந்து சொல்லிக்கொண்டிருப்பாள். அப்போதுதான் அந்தச் சேலையின் முகத்தை முதல்முறையாகப் பார்த்தேன். நூல் எதுவும் தாவாமல், பூக்கள் துடைத்துவிட்டாற்போல இருந்தன. அந்த ஊர் மரம் என்று சொன்னது முதுகுப்பக்கத்தில் மீன்முள் மாதிரி தெரிந்தது. இங்கே மரமாகவே இருந்தது.

"இந்த இலைக்கு நுனி கூரா வரணும். நீ மழுக்கிட்ட."

"உங்க வீட்டுக்காரரை மாதிரியே எண்ணுதீகளே மதினி."

"அவுக எண்ணுவாக. நான் பாக்கேன்."

வேலை எனக்குச் சுலபமாக இருந்தது. மூன்று மாதம் பட்ட பாட்டுக்குப் பிறகு, இழை இல்லாத வழவழப்பான பூ செய்வது விளையாட்டு. மூன்றாம் நாள் மத்தியானம் முடித்து, சிவப்புப் பொடி கலந்த சுண்ணாம்பைப் பூசி, ஈரம் காயுமுன்பே கல்வெட்டையும் இந்தப் பக்கம் நட்டார்கள்.

மறுநாள் காலை பதினோரு மணிக்கு இரண்டு கார்கள் மேல ரோடு வழியாகச் சுற்றிக்கொண்டு வந்தன. வந்தவர்களுக்கு நூல் சிட்டத்தில் மாலை போட்டார்கள். நாதஸ்வரம் வாசித்து, பரிசுச் சேலையைக் கொடுத்தார்கள். அந்த அம்மாள் நெட்டையாக, வெயிலில் சிவந்துபோய் இருந்தாள். கூட வந்த மெட்ராஸ் குமாஸ்தா அவள் பேச்சைத் தமிழில் சொல்ல வேண்டியவர். அவருக்குக் குற்றாலத்தில் மத்தியானச் சாப்பாடு ஏற்பாடாகியிருந்ததால் கைக்கடிகாரத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

தலைவர் ரிப்பனை வெட்டச் சொன்னார். அவள் வெட்டினாள். மதினி மூன்று நாள் உட்கார்ந்து சொல்லிக்கொடுத்த முகத்தைப் பார்த்தாள். சிரித்தாள். இரண்டு வார்த்தை சொன்னாள்.

"ரொம்ப அழகாக இருக்கிறது என்கிறார்" என்றார் குமாஸ்தா.

கைதட்டினார்கள். எனக்கு அப்போதே அறைக்குள் போய்த் தாழ்ப்பாள் போட்டுக்கொண்டுவிட்டதைப்போல இருந்தது. அத்தோடு அவள் காரில் ஏறியிருக்க வேண்டும். ஆனால் துணி தெரிந்தவர்கள் எந்த ஊராக இருந்தாலும் துணியைத் திருப்பிப் பார்க்காமல் போவதில்லை. கடையில் சேலை எடுக்கிற பெண்கள் செய்வதைத்தான் அவளும் செய்தாள். யாரும் எதிர்பார்க்குமுன் தூணைச் சுற்றிக்கொண்டு பின்பக்கம் போய், தட்டியின் இடுக்கில் முகத்தை வைத்துப் பார்த்தாள். பிறகு தட்டியை எடுக்கச் சொல்லிச் சைகை காட்டினாள்.

"வேலை மிச்சம் இருக்கு, வேலை மிச்சம் இருக்கு" என்று தலைவர் குமாஸ்தாவிடம் சொன்னார். குமாஸ்தா அதைச் சொல்லுமுன் அவளே தட்டியை இழுத்துச் சாய்த்துவிட்டாள்.

அவள் அதன் முன்னால் நின்ற நேரம் கொஞ்சநேரமா, நெடுநேரமா என்று என்னால் இப்போது சொல்ல முடியாது. கண்ணாடியைக் கழற்றித் துடைத்துப் போட்டுக்கொண்டாள். இழைகளை விரலால் தடவிக்கொண்டே போனாள். முகத்தில் சிரிப்பு இல்லை. திரும்பிக் குமாஸ்தாவிடம் ஏதோ கேட்டாள்.

"இந்தப் பக்கத்தைச் செய்தது யார் என்று கேட்கிறார்."

எங்கள் பக்கத்தில் மேலதிகாரி யாராவது வந்து, இதைச் செய்தது யார் என்று கேட்டால் அது ஒரே ஒரு காரணத்துக்காகத்தான் இருக்கும். தலைவர் வானத்தைப் பார்த்தார். அண்ணாச்சி முன்வரிசையில் நின்றார். அவர் வாய் லேசாகத் திறந்தது. முகம் வெளுத்திருந்தது. ஊர் முன்னால், வந்த விருந்தாளி முன்னால், முப்பத்தைந்து வருஷத் தொழில் தலைகுனியப் போகிறது என்று எனக்குத் தோன்றியது. எனக்கென்றால் திட்டு புதிதல்ல. இறக்கிவிடப்படுவது என் தொழிலில் ஒரு பகுதி. ஊர்க்காரனாவது மானத்தோடு இருக்கட்டும் என்று ஒரு எட்டு முன்னால் வைத்தேன்.

"நான்தான்" என்றேன்.

அவள் வந்து என் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டாள். உரிந்த விரல்களைப் பார்த்துவிட்டு ஏதோ பேசினாள். குமாஸ்தா சொன்னார்: "முன்னால் வந்தபோது தறியில் உட்கார்ந்து பார்த்தாராம். அப்போது பார்த்தது அப்படியே இதில் இருக்கிறதாம். துணியை நெய்கிறவன் கண்ணால் பார்த்துச் செய்த சிலையை எந்த நாட்டிலும் பார்த்ததில்லையாம். முன்பக்கம் எல்லா ஊரிலும் இருக்கும், இதுதான் இந்த ஊர் என்கிறார்."

அவர் சொல்லிக்கொண்டிருக்கும்போதே அந்த அம்மாள் தன் கழுத்து நூல் மாலையைக் கழற்றி எனக்குப் போட்டாள். கூட்டம் முன்னதைவிட இரண்டு பங்கு கைதட்டியது. தலைவர் வானத்திலிருந்து இறங்கிவந்து, இது தாம் ஆரம்பத்திலிருந்தே யோசித்துவைத்த ஏற்பாடு என்கிற மாதிரி தலையாட்டினார்.

நான் அண்ணாச்சியைத் தேடினேன். அவர் நின்ற இடத்திலேயே நின்றார். வாய் மூடியிருந்தது.

"சார், இதைச் சொல்லிக்கொடுத்தது அந்த அண்ணாச்சி. ஒவ்வொரு இழையும் அவரு எண்ணினது. அந்த அம்மா உக்காந்ததும் அவரு தறிதான்" என்று குமாஸ்தாவிடம் சொன்னேன்.

அவர் ஏற்கெனவே நோட்டுப் புத்தகத்தில் எழுதிவிட்டு மூடிக்கொண்டிருந்தார். "ரிப்போர்ட்டில் ஒருத்தரைத்தான் எழுத இடம் இருக்கு. முதலில் நீங்கதானே சொன்னீங்க" என்றார். கார்கள் குற்றாலத்துக்குப் போய்விட்டன.

சாயங்காலம் அண்ணாச்சி வீட்டுக்குப் போனேன். தறி ஓடிக்கொண்டிருந்தது. ஊடு நூலை ஓட்டும் நாடாவை நிறுத்தாமலே பேசினார்.

"அண்ணாச்சி, திட்டப் போறாகன்னு நெனச்சுத்தான் நான் முந்திக்கிட்டேன். உங்களுக்கு ஒரு கொறைச்சல் வரக்கூடாதுன்னு."

"எனக்கு விழ வேண்டிய திட்டை வாங்க நீ யாருல?"

நான் தறிக்குப் பக்கத்தில் குத்துக்காலிட்டு உட்கார்ந்தேன்.

"அது திட்டா இருந்தா நான் வாங்கியிருப்பேன். நான் சொல்லத்தான் வாயெடுத்தேன். என் தப்பு, என் வாயால வரணும்னு. அதுக்குள்ள நீ குதிச்ச. இப்பம் அது தப்பில்லைன்னு ஆனதும், அதுவும் உனக்குப் போயிட்டு. எனக்கு ரெண்டும் இல்ல."

தறி ஓடிக்கொண்டே இருந்தது. அவர் தலை நிமிரவில்லை. தறியில் அடுத்த சேலையின் முதுகு ஒரு சாண் நீளம் வந்திருந்தது.

மறுநாள் கமிட்டி. என்னை வெளியே நூல் மூட்டைமேல் உட்காரச் சொன்னார்கள். ஜன்னல் திறந்திருந்ததால் எல்லாம் காதில் விழுந்தது. தலைவர் என்னைப் பற்றிப் பேசியதைக் கேட்டு, வேறு யாரைப் பற்றியோ பேசுகிறார் என்றுதான் நினைத்தேன். இப்படிப்பட்ட ஆளை ஊரைவிட்டு விடக்கூடாது, அறைச் சாவியை இன்றைக்கே கொடுத்துவிடலாம் என்றார். யாருக்காவது ஆட்சேபணை உண்டா என்று கேட்டார். அண்ணாச்சி எழுந்தார்.

"எனக்கு அவன் மேல கோவம் ஒண்ணும் கிடையாது. ஒண்ணே ஒண்ணு கேக்கேன். அவன் ஒருத்தனாச் செய்யாததை, நான்தான் செஞ்சேன்னு ஊரு முன்னால சொன்னான். நான் அங்கன நிக்கும்போதே சொன்னான். அப்படிப்பட்டவன்கிட்ட நூல் ஸ்டோர் சாவியைக் குடுத்தா, நாளைக்கு என்னத்தச் சொல்ல மாட்டான்? கமிட்டி யோசிக்கட்டும்."

நான் அதை எத்தனையோ தடவை திருப்பித் திருப்பி யோசித்துப் பார்த்துவிட்டேன். அதற்குப் பதில் கிடையாது. உள்ளே எனக்கு ஒரு ஓட்டு இருந்திருந்தால் நானும் அவர் பக்கம்தான் கை தூக்கியிருப்பேன்.

தலைவர் வெளியே வந்து, "கொஞ்ச நாளு போகட்டும் வே. கமிட்டி மனசு மாறும்" என்றார். வழிக்குச் சாப்பிட இரண்டு பொட்டலம் புளியோதரையும், ஒரு வேட்டியும் கொடுத்தார். அந்த வேட்டி இரண்டு பக்கமும் ஒன்றுபோலவே இருந்தது.

திருவேங்கடம் பஸ் அந்த முக்கில்தான் நிற்கும். போனபோது மதினி அங்கே நின்றிருந்தாள். ராட்டையில் சுற்றுவதற்கு நூல் வாங்கிவந்தவள், கூடையை இறக்கிவைத்துவிட்டுத் தான் சொல்லிச் செய்த பக்கத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள். தட்டிகளை எல்லாம் பிரித்தாகிவிட்டது. கல்வெட்டைத் தோண்டி எடுத்து மறுபடி முதுகுப்பக்கம் நட்டிருந்தார்கள். ஊர் ஆட்கள் நாலைந்து பேர் அங்கே நின்று இழைகளை எண்ணிக்கொண்டிருந்தார்கள். இந்தப் பக்கம் அவளைத் தவிர யாரும் இல்லை.

"கெளம்பியாச்சா?"

"ஆமா மதினி."

"அவுக பேரில வருத்தம் வச்சுக்கிடாத. ராத்திரி சாப்பிடவே இல்ல."

"அவுக சொன்னது சரிதான."

"சரிதான். அதுக்காகச் சாப்பிடாம இருந்தா சரியா?" என்றவள் அந்தப் பூச்சைத் தொட்டுப் பார்த்தாள். விரலில் சுண்ணாம்பு ஒட்டிக்கொண்டு வந்தது. "இது எத்தனை நாளைக்கு நிக்கும்?"

"ரெண்டு மழை தாங்கும்."

"இந்த ஊருல ரெண்டு மழைன்னா நாலு வருசம் ஆகும். போதும்." விரலை முந்தானையில் துடைத்துக்கொண்டாள். "பாத்தியா, இந்தப் பக்கத்தை யாரு செஞ்சதுன்னு ஒருத்தரும் கேக்கல."

"கேட்டிருந்தா என்ன மதினி சொல்லியிருப்பீக?"

அவள் கூடையைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டாள்.

"நான் எங்க சொல்ல? வாயைத் திறக்கதுக்குள்ள நீதான் முந்தியிருப்பியே."

பஸ் வந்தது. கண்டக்டர் எதுவரைக்கும் என்று கேட்டார். கையிலிருந்ததைக் கொடுத்து, இதற்கு எதுவரைக்கும் போகலாம் என்று கேட்டேன்.